சர்க்கரை ராஜ்யங்களின் சமாதானம்

கதை எழுதுகிறவனுக்கு ஒரு சௌகரியம் உண்டு. மனத்துக்குத் தோன்றியபடி ராஜ்யங்களைக் கட்டிக்கொள்ளலாம். கல்லும் சுண்ணாம்பும் வேண்டியதில்லை. குழந்தைகளுக்காக இனிப்பு உலகம் ஒன்றைக் கட்டினால் என்ன என்று நான் சில சமயம் யோசிப்பதுண்டு. கற்கண்டு மலை, பாகு ஆறு, பூந்தி மணல். ஒரு பக்கம் லட்டு தேசத்து ராஜா, இன்னொரு பக்கம் ஜாங்கிரி நாட்டு ராணி.

கதை என்றால் சண்டை வேண்டும் அல்லவா? 'என் ராஜ்யத்து மிட்டாயைத்தான் உலகம் தின்ன வேண்டும்' என்று ராஜாக்களுக்குள் போட்டி ஏற்படுகிறது. போட்டி முற்றிப்போய், ஒவ்வொரு ராஜாவும் தன் கஜானாவிலிருந்து பணத்தை அள்ளி, அயல்நாட்டார் தன் மிட்டாயை அடிமாட்டு விலைக்கு வாங்கித் தின்பதற்காகச் செலவிடுகிறான். அவனுடைய சொந்தக் குடிகளோ அதே மிட்டாயை இரட்டை விலை கொடுத்து வாங்க வேண்டும். முடியாதவர்கள் விரலைச் சப்ப வேண்டியதுதான். கஜானா கரையத் தொடங்கியதும் ராஜாக்கள் ஒன்றுகூடி, 'இனிமேல் நம்மில் எவரும் பிறத்தியார் வாயை இனிக்கச் செய்யக் காசு கொடுப்பதில்லை' என்று கையெழுத்துப் போடுகிறார்கள்.

இப்படி ஒரு கதையை எழுதி அனுப்பினால், "குழந்தைகள்கூட நம்பமாட்டார்கள், ஸார்!" என்று பத்திரிகாசிரியர் திருப்பி அனுப்பிவிடுவார். அவர்மீது குற்றமில்லை. ஆனால் சரித்திரத்துக்குப் பத்திரிகாசிரியர் கிடையாது. அதனால் இந்தக் கதை ஏறக்குறைய இப்படியே நடந்துவிட்டது.

1902-ஆம் ஆண்டு மார்ச் 5-ஆம் தேதி, பெல்ஜியத்தின் தலைநகரான பிரஸ்ஸல்ஸில், ஐரோப்பிய ராஜ்யங்களின் பிரதிநிதிகள் சர்க்கரையைப் பற்றி ஓர் உடன்படிக்கை செய்துகொண்டார்கள். ஜெர்மனி, ஆஸ்திரியா-ஹங்கேரி, பிரான்ஸ், பெல்ஜியம், ஹாலந்து, பிரிட்டன், இத்தாலி, ஸ்பெயின், ஸ்வீடன் என்று பெரிய பெரிய கிரீடங்களெல்லாம் அதில் அடக்கம். சர்க்கரை உற்பத்திக்கோ ஏற்றுமதிக்கோ எந்தச் சர்க்காரும் சன்மானம் கொடுக்கக் கூடாது என்பது அதன் முதல் ஷரத்து. அதோடு விட்டார்களா? பழப்பாகு, சாக்லேட், பிஸ்கோத்து, கெட்டிப் பால் இவையும், இவற்றைப் போலச் சர்க்கரை கணிசமாகச் சேர்ந்த மற்றப் பண்டங்களும் இந்த விஷயத்தில் சர்க்கரையாகவே கருதப்படும் என்று எழுதிவைத்தார்கள். பேரரசுகளின் தூதர்கள் மீசையை முறுக்கிக்கொண்டு உட்கார்ந்து, பிஸ்கோத்துக்கும் சாக்லேட்டுக்கும் சட்டம் எழுதிய காட்சியை நினைத்துப் பாருங்கள். என் லட்டு ராஜா தோற்றுப்போனார்!

வேடிக்கை இருக்கட்டும். இவ்வளவு பெரியவர்கள் இந்தச் சிறிய விஷயத்துக்கு எப்படி வந்து சேர்ந்தார்கள்?

சர்க்கரை நம்முடைய சரக்கு. கரும்புச் சாற்றைக் காய்ச்சிக் கட்டியாக்கும் வித்தையை உலகத்துக்குச் சொல்லிக் கொடுத்தது பாரத தேசம். 'சர்க்கரா' என்ற வடமொழிச் சொல்தான் அரபு தேசத்தில் 'சுக்கர்' ஆகி, ஐரோப்பா போய் 'ஷுகர்' ஆயிற்று. ஆங்கிலேயர் மிட்டாய்க்கு வைத்திருக்கும் 'காண்டி' என்ற பெயரும் நம் 'கண்ட' சர்க்கரையின் பேத்திதான். பின்னர் கரும்பு கடல் கடந்து மேற்கிந்தியத் தீவுகளுக்குப் போயிற்று. அங்கே ஆப்பிரிக்க அடிமைகளின் முதுகில் விழுந்த சவுக்கடியில் ஐரோப்பாவின் தேநீர்க் கோப்பை இனித்தது.

இந்த நிலையில் கரும்புக்கு ஒரு சக்களத்தி பிறந்தாள். 1747-இல் மார்க்ராஃப் என்ற பெர்லின் ரசாயன நிபுணர், பீட் கிழங்கில் இருப்பதும் கரும்பில் இருப்பதும் ஒரே சர்க்கரைதான் என்று கண்டுபிடித்தார். நாம் பொரியல் செய்யும் சிவப்புக் கிழங்கு அல்ல அது, வெள்ளைக் கிழங்கு. அவருடைய சீடர் அஷார்ட் என்பவர் பிரஷ்ய மன்னரின் உதவியோடு சைலீஷியாவில், குனெர்ன் என்ற கிராமத்தில், 1801-இல் முதல் ஆலையை அமைத்தார். அப்போது அந்தக் கிழங்கில் நூற்றுக்கு ஆறு பங்குதான் சர்க்கரை.

சக்களத்திக்கு மாலை சூட்டி அரண்மனைக்குள் அழைத்து வந்தவன் நெப்போலியன். ஆங்கிலேயரோடு போர், கடல்வழி அடைபட்டுவிட்டது, பாரிஸ் நகரத்துச் சீமாட்டிகளின் காப்பிக்குச் சர்க்கரை இல்லை. 1811-இல் அவன் 32,000 ஹெக்டேர் நிலத்தில் பீட் பயிரிட வேண்டும் என்று உத்தரவு போட்டான். மறு ஆண்டின் தொடக்கத்தில், பாரிஸுக்குப் பக்கத்தில் பாஸ்ஸி என்ற இடத்தில் தெலெஸெர் என்பவர் நல்ல சர்க்கரை காய்ச்சிவிட்டார் என்று கேள்விப்பட்டு நேரிலேயே போனான். மகிழ்ச்சி தாங்காமல் தன் மார்பிலிருந்த விருதுப் பதக்கத்தைக் கழற்றி அவருக்கு அணிவித்தான் என்று சொல்வார்கள்.

நெப்போலியன் வீழ்ந்தான், கிழங்கு வீழவில்லை. விதையைப் பொறுக்கிப் பொறுக்கித் தேர்ந்து பயிர் செய்து, பத்தொன்பதாம் நூற்றாண்டின் முடிவுக்குள் அதன் இனிப்பை நூற்றுக்குப் பதினைந்து பங்குவரை உயர்த்திவிட்டார்கள். 1900-இல் உலகத்துச் சர்க்கரையில் பாதிக்குமேல் கிழங்கிலிருந்து வந்தது.

ராஜாக்கள் பிறத்தியாருக்குக் காசு கொடுக்கும் விந்தை எப்படி ஆரம்பித்தது என்பதைக் கொஞ்சம் நிதானமாகச் சொல்ல வேண்டும். வேண்டுமென்று ஆரம்பித்ததல்ல அது. ஒரு கணக்குப் பிசகில் முளைத்தது.

ஜெர்மனியில் சர்க்கரைக்கு வரி உண்டு. ஆனால் வரியைச் சர்க்கரையை நிறுத்து வாங்கவில்லை. ஆலைக்குள் போகும் கிழங்கை நிறுத்து வாங்கினார்கள். சுமார் பன்னிரண்டு பங்கு கிழங்குக்கு ஒரு பங்கு சர்க்கரை என்பது சர்க்காரின் கணக்கு. சர்க்கரை வெளிநாட்டுக்குப் போனால், கட்டிய வரியை அந்தக் கணக்குப்படி திருப்பிக் கொடுத்துவிடுவார்கள். நியாயந்தானே என்று தோன்றுகிறதல்லவா?

நம் ஊர் வழக்கில் சொல்லிப் பார்க்கலாம். வண்டிக் கரும்புக்குப் பத்து அச்சு வெல்லம் என்று மணியக்காரர் எழுதி, வண்டிக்குப் பத்து ரூபாய் தீர்வை வாங்குகிறார் என்று வைத்துக்கொள்ளுங்கள். வெல்லம் வெளியூர் போனால் அச்சுக்கு ஒரு ரூபாய் திரும்பக் கிடைக்கும். கெட்டிக்காரக் குடியானவன் நல்ல கரும்பாகப் பயிரிட்டு, ஆலையைச் செப்பனிட்டு, அதே வண்டிக் கரும்பில் பதினைந்து அச்சு எடுக்கிறான். பதினைந்தையும் வெளியூருக்கு அனுப்புகிறான். கட்டியது பத்து, திரும்பி வந்தது பதினைந்து! அந்த ஐந்து ரூபாய் எங்கிருந்து வந்தது? உள்ளூரில் வெல்லம் வாங்கியவன் மடியிலிருந்துதான்.

ஜெர்மன் ஆலைகள் பத்துக்கும் குறைவான பங்கு கிழங்கிலேயே ஒரு பங்கு சர்க்கரை எடுக்கக் கற்றுக்கொண்டன. பிறகு எட்டு போதும் என்றாயிற்று. ரசாயனம் வளர வளர, கஜானா கரைந்தது. இந்த ருசியைக் கண்ட ஆலைக்காரர்கள் சும்மா இருப்பார்களா? பிரான்ஸும் 1884-இல் இதே போன்ற ஒரு சட்டம் செய்தது. ஜெர்மனி 1891-இல் ஒளிவுமறைவில்லாமல் ஏற்றுமதிக்கு நேரடிச் சன்மானம் கொடுக்கத் தொடங்கி, 1896-இல் அதை உயர்த்தியது. மறு ஆண்டே பிரான்ஸும் நேரடிச் சன்மானத்தில் இறங்கிற்று. ஒருவன் கொடுத்தால் மற்றவன் கொடுக்காமல் இருக்க முடியாது. நிறுத்துகிறவனுடைய ஆலை மூடிப்போகும். கல்யாண வீட்டில் மொய் எழுதும் போட்டியைப் போல, எல்லோருக்கும் கஷ்டம். எவருக்கும் முதலில் நிறுத்தத் தைரியமில்லை.

இவ்வளவு சன்மானமும் போய்ச் சேர்ந்த இடம் இங்கிலாந்து. அங்கே 1874-இல் சர்க்கரை வரியையே எடுத்துவிட்டார்கள். ஐரோப்பிய கஜானாக்களின் தயவில், சர்க்கரை விளையாத அந்தத் தீவில் சர்க்கரை மலிந்து கிடந்தது. ஆலைத் தொழிலாளியின் காலை உணவு ரொட்டியும் ஜாமும் ஆயிற்று. ஜாம், பிஸ்கோத்து, மிட்டாய்த் தொழில்கள் பெருகின. நூற்றாண்டின் முடிவில் ஓர் ஆங்கிலேயர் ஆண்டுக்கு எண்பது ராத்தலுக்குமேல் சர்க்கரை சாப்பிட்டார். அந்தச் சர்க்கரையைக் காய்ச்சிக் கொடுத்த ஜெர்மானியர் அதில் பாதிகூடச் சாப்பிடவில்லை. வரி கட்டியவர் அவர். வாய் இனித்தவர் இவர்.

இதைப் படிக்கும்போது முதலில் எனக்குச் சிரிப்புத்தான் வந்தது. ஆனால் கதை கடலைத் தாண்டி மேற்கிந்தியத் தீவுகளுக்குப் போனதும் சிரிப்பு நின்றுவிட்டது.

கிழங்குச் சர்க்கரையின் விலையோடு போட்டி போட முடியாமல் அந்தத் தீவுகளின் கரும்புத் தோட்டங்கள் சரிந்தன. 1884-இல் விலை விழுந்த விழுச்சியிலிருந்து பல தோட்டங்கள் எழுந்திருக்கவே இல்லை. தோட்டக்காரனுக்கு நஷ்டம் வந்தால் அவன் முதலில் கைவைப்பது கூலியில்தான். அப்போது அங்கே கரும்பு வெட்டியவர்கள் யார்? அடிமைத்தனம் ஒழிந்தபின், விடுதலை பெற்ற கறுப்பு மக்களோடு, ஒப்பந்தக் கூலிகளாகக் கப்பலேற்றப்பட்ட நம்மவர்களும்! கல்கத்தாவிலிருந்தும் சென்னையிலிருந்தும் பிரிட்டிஷ் கயானாவுக்கும் டிரினிடாடுக்கும் போனார்கள். புதுச்சேரியிலிருந்தும் காரைக்காலிலிருந்தும் பிரெஞ்சுக்காரரின் மார்த்தினிக், குவாதலூப் தீவுகளுக்குப் போனார்கள். மொரீஷியஸிலும் நேட்டாலிலும் தமிழர் வியர்வை கரும்புக்குத்தான் பாய்ந்தது. பிஜித் தீவின் கரும்புத் தோட்டங்களில் நம் பெண்கள் பட்ட பாட்டைக் கேட்டுப் பாரதியார் நெஞ்சுருகிப் பாடியதை யார் மறக்க முடியும்?

பெர்லினில் ஒரு வரிக் கணக்கில் நேர்ந்த பிசகு, பல ஆயிரம் மைலுக்கு அப்பால், தஞ்சாவூரிலிருந்தோ தென்னார்க்காட்டிலிருந்தோ போன ஒரு முனியம்மாளின் கூலியைக் குறைத்தது. அவளுக்குப் பெர்லின் என்று ஓர் ஊர் இருப்பதே தெரிந்திராது.

1896-இல் குடியேற்ற நாட்டு மந்திரி ஜோசப் சேம்பர்லேன் நிலைமையை விசாரிக்க ஒரு கமிஷனை நியமித்தார். தலைவர் சர் ஹென்றி நார்மன், ஜமைக்காவின் கவர்னராக இருந்தவர். அதற்குமுன் இந்தியாவில் ராணுவ சேவை செய்தவர். சன்மானம் பெற்ற சர்க்கரைமீது பிரிட்டன் எதிர்வரி போடவேண்டும் என்றார் அவர். மற்ற இரு அங்கத்தினரான சர் டேவிட் பார்பரும் சர் எட்வர்ட் கிரேயும் ஒப்பவில்லை. மலிவாக வரும் பண்டத்தைத் தடுப்பது சுதந்திர வியாபாரத்துக்கு விரோதம் என்பது அக்கால ஆங்கிலேயருக்கு வேத வாக்கு.

லண்டனில் போடத் தயங்கிய அந்த வரியை இந்தியாவில் போடத் தயங்கவில்லை. கர்ஸன் பிரபு வைஸ்ராயாக வந்து மூன்று மாதத்துக்குள், 1899 மார்ச்சில், சன்மானம் பெற்ற அயல்நாட்டுச் சர்க்கரைக்கு எதிர்வரி விதிக்கும் சட்டம் நிறைவேறியது. ஜெர்மன், ஆஸ்திரியச் சர்க்கரை நம் கடைவீதிவரை வந்துவிட்டிருந்தது. கரும்பு பிறந்த வீட்டுக்குக் கிழங்கு குடிவந்த கதை! அப்போது நம் ராஜதானியிலும் ஆலைகள் இல்லாமல் இல்லை. தென்னார்க்காட்டில் நெல்லிக்குப்பம் இருந்தது. அந்நாளில் சென்னை ராஜதானியைச் சேர்ந்த கஞ்சம் ஜில்லாவில் அஸ்கா என்ற ஊரின் ஆலையும் இருந்தது. வெள்ளைச் சர்க்கரையை நம் பாட்டிமார் 'அஸ்கா' என்று சொன்னது அந்த ஊரை வைத்துத்தான். ஆனால் கர்ஸனின் சட்டம் இந்தியக் குடியானவனைவிட மொரீஷியஸ் தோட்ட முதலாளிக்கே உதவும் என்று அந்த நாளிலேயே சிலர் முணுமுணுத்தார்கள். முணுமுணுப்பில் நியாயம் இருந்தது. பிற்காலத்தில் கிழங்குச் சர்க்கரை பின்வாங்கிய இடத்தில் வந்து உட்கார்ந்தது நம் சர்க்கரை அல்ல; ஜாவாச் சர்க்கரை.

சமாதானத்துக்கு முயற்சிகள் நடக்காமல் இல்லை. 1864-இல் பாரிஸில் நான்கு தேசங்கள் ஓர் ஏற்பாடு செய்தன, பலிக்கவில்லை. 1888-இல் லண்டனில் ஓர் உடன்படிக்கை கையெழுத்தே ஆயிற்று, அமலுக்கு வரவில்லை. 1898-இல் பிரஸ்ஸல்ஸில் கூடிப் பேசிவிட்டுக் கலைந்தார்கள். 1902-இல் மட்டும் எப்படிப் பலித்தது? வாங்குகிற இங்கிலாந்து, 'இனியும் சன்மானச் சர்க்கரையை அனுப்பினால் கதவைச் சாத்திவிடுவேன்' என்று சொன்னதால் பலித்தது. அத்தனை விருந்தும் அந்த ஒரு வீட்டுக்குத்தானே நடந்துகொண்டிருந்தது! விருந்தாளியே இலையை மூடிவிட்டால் பரிமாறுகிறவர்கள் என்ன செய்வார்கள்? தவிர, கஜானாக்களும் களைத்துப்போயிருந்தன. நிறுத்தச் சொல்லி யாராவது கட்டாயப்படுத்த மாட்டார்களா என்று அவை உள்ளூர ஏங்கியிருந்தால் ஆச்சரியமில்லை.

உடன்படிக்கையின் ஷரத்துக்கள் கடுமையானவை. சர்க்கரை ஆலைகள் இரவும் பகலும் சுங்க அதிகாரிகளின் காவலில் இருக்க வேண்டும். இறக்குமதி வரி, உள்நாட்டு வரியைவிட நூறு கிலோவுக்கு ஆறு பிராங்குக்குமேல் போகக் கூடாது. சன்மானம் கொடுக்கும் வெளிநாட்டின் சர்க்கரைக்கு எல்லோரும் சேர்ந்து அபராத வரி போட வேண்டும். யார் சன்மானம் கொடுக்கிறார்கள் என்று தீர்மானிக்கப் பிரஸ்ஸல்ஸில் ஒரு நிரந்தரக் கமிஷன், தேசத்துக்கு ஒரு வோட்டு, பெரும்பான்மை முடிவு. மகுடம் தரித்த மன்னர்கள், தங்கள் வரி விஷயத்தில் ஓர் அந்நிய மேஜையின் வோட்டுக்குத் தலைவணங்கச் சம்மதித்தது அந்தக் காலத்தில் லேசான காரியம் அல்ல.

1903 செப்டம்பர் முதல் தேதி உடன்படிக்கை அமலுக்கு வந்தது. சன்மானம் மிச்சமானதால் உள்நாட்டு வரியைக் குறைக்க முடிந்தது. பிரான்ஸ் நூறு கிலோவுக்கு அறுபது பிராங்காக இருந்ததை இருபத்தைந்தாக்கியது; ஜெர்மனி இருபது மார்க்கைப் பதினாலாக்கியது. தன் தோட்டத்துச் சர்க்கரையை ஐரோப்பியக் குடியானவன் தாராளமாகத் தின்னத் தொடங்கினான். என் கதையில் விரலைச் சப்பிய குடிகளுக்கு விமோசனம் கிடைத்துவிட்டது.

ஆனால் விருந்துக்குப் பழகிய வீட்டில் கூச்சல் எழுந்தது. சர்க்கரை விலை ஏறிற்று என்று இங்கிலாந்தின் மிட்டாய்க்காரர்களும் ஜாம்காரர்களும் குறைகூறினார்கள். 1906 தேர்தலில் லிபரல் கட்சி வெற்றி பெற்றது. மறு ஆண்டு, அபராத வரி போடும் கடமையிலிருந்து பிரிட்டன் விலக்குக் கேட்டு வாங்கிக்கொண்டது. 1913-இல் உடன்படிக்கையை விட்டே வெளியேறியது. கதவைச் சாத்துவேன் என்றவனே கதவைத் திறந்துவிட்டான்.

அதற்கு அடுத்த ஆண்டு மகாயுத்தம் வந்தது. எந்த ஜெர்மனியும் ஆஸ்திரியாவும் ஊட்டி வளர்த்தனவோ, அவையே இப்போது பகைவர்கள். மலிவுக்கு மயங்கித் தன் சர்க்கரைக்கு அவர்களையே பெரிதும் நம்பியிருந்த இங்கிலாந்து, யுத்தம் மூண்ட அந்த ஆகஸ்டு மாதத்திலேயே சர்க்கரைக்கென்று தனிக் கமிஷன் அமைத்துத் திண்டாடியது. 1918 ஜனவரியில் அங்கே சர்க்கரைக்கு ரேஷன் வந்தது. பிரஸ்ஸல்ஸ் உடன்படிக்கையும் யுத்தத்தோடு முடிந்துபோயிற்று.

அதன் வாரிசுகள் பல. அவற்றில் ஒன்று நமக்கு மறக்கக் கூடாதது. 1932-இல் பாதுகாப்பு வரி கிடைத்ததும் இந்தியாவில் சர்க்கரை ஆலைகள் ஐந்தே ஆண்டுகளில் நான்கு மடங்காகப் பெருகின. நமக்கு வேண்டிய சர்க்கரையை நாமே காய்ச்சிக்கொண்டு, வெளியே விற்கலாம் என்று நிமிர்ந்த சமயத்தில், 1937 மே மாதம் லண்டனில் இருபதுக்கு மேற்பட்ட தேசங்கள் கூடிப் புதிய சர்க்கரை உடன்படிக்கை செய்தன. அதன்படி, பர்மாவுக்குத் தவிர வேறெங்கும் இந்தியா கடல் வழியாகச் சர்க்கரை அனுப்பக் கூடாது! நம் பெயரால் கையெழுத்துப் போட்டது அந்நிய சர்க்கார். சர்க்கரையைக் கண்டுபிடித்த தேசத்துக்கு, சர்க்கரை விற்க அனுமதியில்லை.

இன்று நம் கையெழுத்தை நாமே போடுகிறோம். நம் வழக்குக்கு நாமே பதில் சொல்கிறோம். சர்க்கரைக்கும் கரும்புக்கும் இந்தியா தரும் உதவிகள் விதிகளை மீறியவை என்று ஆஸ்திரேலியா, பிரேசில், குவாதமாலா ஆகிய நாடுகள் உலக வர்த்தக ஸ்தாபனத்தில் வழக்காடின. 2021 டிசம்பரில் தீர்ப்பு நமக்கு எதிராக வந்தது. இந்தியா அப்பீல் செய்தது. அப்பீலைக் கேட்க வேண்டிய அமைப்பிலோ 2019 டிசம்பரிலிருந்தே போதிய நீதிபதிகள் இல்லை! பிரஸ்ஸல்ஸ் மேஜையின் பேரக்குழந்தை இந்த ஸ்தாபனம். கேள்வியும் பழைய கேள்விதான்: யார் யாருக்குச் சன்மானம் கொடுக்கிறார்கள்?

நல்ல கேள்விதான். கூடிப் பேசி ஒரு மூடத்தனத்தை நிறுத்தினார்களே, அதற்காகப் பிரஸ்ஸல்ஸ் பிரமுகர்களுக்கு ஒரு கும்பிடு போடலாம். யுத்தமில்லாமல் ஒரு சண்டை முடிவது சரித்திரத்தில் அடிக்கடி காணக் கிடைப்பதல்ல. ஆனால் அந்த உடன்படிக்கையில் கிழங்குக்கு இடம் இருந்தது. கரும்புக்கு இடம் இருந்தது. கெட்டிப் பாலுக்குக்கூட இடம் இருந்தது. கரும்பு வெட்டுகிறவனுடைய கூலிக்கு ஒரு ஷரத்து இல்லை. ஒப்பந்தக் கூலிக்கு ஆள் பிடிப்பது நிற்க 1917 வரை காத்திருக்க வேண்டியதாயிற்று. அதை நிறுத்தியது எந்தச் சர்க்கரை மகாநாடும் அல்ல. யுத்த நெருக்கடியும், இந்திய மக்களின் ஆத்திரமும் சேர்ந்து நிறுத்தின.

மலிவான சர்க்கரை என்று ஒன்று இந்த உலகத்தில் என்றுமே இருந்ததில்லை என்று எனக்குத் தோன்றுகிறது. லண்டனில் மிச்சமான காசைப் பெர்லின் குடியானவன் கொடுத்தான். அவனும் கொடுக்காததை டிரினிடாடில் ஒரு முனியம்மாள் கொடுத்தாள். ராஜாக்கள் கூடி எழுதிய சமாதானம் கணக்கை ஒருவர் பெயரிலிருந்து இன்னொருவர் பெயருக்கு மாற்றி எழுதிற்று. என் இனிப்பு ராஜ்யக் கதையை என்றாவது ஒருநாள் எழுதினால், அந்த மகாநாட்டு மண்டபத்தில் முனியம்மாளுக்கும் ஒரு நாற்காலி போட்டுவிட்டுத்தான் மேலே எழுதுவேன். கதை எழுதுகிறவனுக்கு அந்தச் சௌகரியமாவது இருக்கிறதே!